கொழும்புத்துறைக்குப் போய்வந்த தங்கச்சி

என் வயதுப் பெண்களே, ஆண்பிள்ளை இல்லாத வீட்டில் பிறந்திருந்தால் அந்தப் பார்வை உங்களுக்கும் தெரிந்திருக்கும். கோயில் வீதியில் யாராவது அம்மாவைக் கண்டு நின்று கதைப்பார்கள். கதைத்துக்கொண்டே எங்களைத் தலை தலையாக எண்ணுவார்கள். கடைசித் தலையையும் தாண்டி அவர்களுடைய கண் போகும், பின்னால் எங்காவது ஒரு பெடியன் நிற்கிறானோ என்று. இல்லையென்று கண்டதும் நாக்கால் ஒரு 'ச்சு'. அந்தச் 'ச்சு'வைக் கேட்டுக் கேட்டே நாங்கள் நாலு பேரும் வளர்ந்தோம். நான் மூன்றாவது.

இப்போது எனக்கு முழங்கால் சரியில்லை. சீனி வருத்தமும் இருக்கிறது. ஞாபகத்துக்கு மட்டும் ஒரு குறையுமில்லை. ஐந்தாவது பிள்ளைக்காக எங்கள் வீடு காத்திருந்த சோளகக் காற்றுக் காலத்தை வாசம் உட்பட என்னால் சொல்ல முடியும்.

எங்கள் வீடு வடகரையில், அலைச்சத்தம் கேட்கிற தூரத்தில் இருந்தது. தகப்பனை நாங்கள் ஐயா என்று கூப்பிட்டோம். ஐயாவுக்குச் சொந்த வள்ளம். விடியமுன் கடலுக்குப் போய் வெயில் ஏறத் திரும்புவார். கடலில் அவருடைய குரல் அடுத்த வள்ளத்துக்கும் கேட்கும் என்பார்கள். வீட்டில் அவர் கதைத்தது குறைவு. ஐயாவுக்கும் சேர்த்துக் கதைக்கிற வேலையை அவருடைய அக்கா, எங்கள் மாமி, பார்த்துக்கொண்டார். மாமி அடுத்த ஒழுங்கையில் இருந்தார். கணவர் இல்லை. மூன்று பிள்ளைகள், மூன்றும் பெடியன்கள். காலையில் படலை கிரீச்சிட்டால் மாமிதான். வரும்போதே குரல் முன்னால் வந்துவிடும்.

அம்மாவோ பெரிய உடம்புக்காரி. கடற்கரைக் கிணறுகளெல்லாம் உவர் என்பதால் நல்ல தண்ணீருக்குத் தூரம் போகவேண்டும். தலையில் ஒரு குடம், இடுப்பில் ஒரு குடமாக அந்த மணலில் நடந்துவருவார். வழியில் யாராவது பகிடி சொன்னால் குடம் தளும்பச் சிரிப்பார். ஐந்தாவதை வயிற்றில் சுமந்த மாதங்களில்தான் அம்மாவின் சிரிப்பு குறைந்தது.

மாமி எல்லாவற்றையும் தன் கையில் எடுத்துக்கொண்டார். அம்மா எதைச் சாப்பிடலாம், எந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கலாம், எந்தக் கோயிலுக்கு என்ன நேர்த்தி, எல்லாம் மாமியின் சொல். "வயிறு கூர்ந்திருக்கு. பெடியன்தான்," என்று தடவிப் பார்த்துச் சொல்வார். வெள்ளியில் ஒரு அரைஞாண்கூடச் செய்வித்து, மஞ்சள் துணியில் சுற்றிச் சாமியறையில் வைத்துவிட்டார். நாங்கள் வயிற்றைத் 'தம்பி' என்றுதான் கூப்பிடவேண்டும் என்பது கட்டளை. நாங்களும் கூப்பிட்டோம். சின்னத் தங்கச்சி வயிற்றில் வாயை வைத்து, "தம்பி, அம்மாவுக்கு உதையாதை," என்பாள். அம்மா அவளுடைய தலையைத் தடவிக்கொண்டு வேறெங்கோ பார்ப்பார்.

அந்த வருடம் சோளகம் பலமாக அடித்தது. இருந்தாற்போல் பனம்பழம் தொப்பென்று விழும். முற்றத்தில் பனம்பழம் சுடுகிற வாசமும், வேலிப்பக்கம் காய்கிற கருவாட்டு வாசமும், பனங்களி காய்கிற பினாட்டுப் பாயில் மொய்த்த ஈக்களுமாக வீடு நிறைந்திருந்தது. அப்படி ஒரு மத்தியானம் அம்மாவுக்கு வலி எடுத்தது. மருத்துவிச்சி வந்து அறைக்கதவைச் சாத்தினார்.

ஆண்பிள்ளை பிறந்தால் உலக்கையைக் கூரைக்கு மேலால் எறிவது எங்கள் பக்கத்துப் பழைய வழக்கம். உங்களில் சிலர் கண்டிருப்பீர்கள். மாமி உலக்கையைக் கையில் பிடித்தபடி முற்றத்தில் நின்றார். வெயிலில் முகம் சிவந்திருந்தது. ஐயா பூவரச மரத்தடியில் குந்தியிருந்தார். குழந்தை அழுத சத்தம் கேட்டதும் மாமி உலக்கையை இரண்டு கையாலும் தூக்கிவிட்டார்.

மருத்துவிச்சி கதவைத் திறந்தார். "பொம்பிளைப் பிள்ளை. நல்ல வடிவான பிள்ளை. தாயும் சுகம்."

மாமியின் கை மெல்லக் கீழே வந்தது. உலக்கையைச் சுவரில் சாத்திவிட்டு, ஒரு சொல்லும் சொல்லாமல் படலையைத் திறந்துகொண்டு போனார். ஐயா எழுந்து சாரத்தைத் தட்டினார். எங்களைப் பார்த்தார். பிறகு அவரும் கடற்கரைப் பக்கம் நடந்தார். நாங்கள் நாலு பேரும் அறைக்குள் ஓடினோம். அம்மாவின் பக்கத்தில், பிள்ளை பெற்றவளுக்கு அரைத்த காயச்சரக்கு வாசத்துக்கு நடுவில், முஷ்டியை மூடிக்கொண்டு ஒரு சிவந்த முகம். சின்னவள் குனிந்து பார்த்து, "தம்பி வடிவாய் இருக்கிறார்," என்றாள். அம்மா சிரித்தார். சிரிக்கும்போதே கண்ணீர் காதுக்குள் வழிந்தது.

மாமி அடுத்து வந்தபோது ஒரு திட்டத்தோடு வந்தார். சாத்திரியாரிடம் போயிருக்கிறார். இந்தப் பெட்டை அந்தக் கூரைக்குக் கீழே தவழ்ந்தால் பின்னால் பெடியன் வரமாட்டான், வேறு வீட்டில் வளர்ந்தால் அடுத்தது நிச்சயம் சிங்கக்குட்டி என்று சாத்திரியார் சொன்னாராம். மாமியின் மூத்த மகனுக்குப் படிப்பித்த ஒரு மாஸ்ரர் இருந்தார். மிஷன் பள்ளிக்கூடத்து மாஸ்ரர், சேர்ச்சுக்குப் போகிற வேதக்காரர். கலியாணம் முடித்து நெடுங்காலமாகியும் பிள்ளையில்லை. மாமி அவர்களுடன் கதைத்து முடித்துவிட்டே எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். முதலில் அறைக்குள் போய் அம்மாவோடு குசுகுசுத்தார். பிறகு கடற்கரையில் ஐயாவோடு கதைத்துக்கொண்டு நின்றார். சத்தமாகவே பேசிப் பழகியவர் அன்றைக்கு மட்டும் குரலைத் தாழ்த்தியது எனக்கு விசித்திரமாக இருந்தது.

ஒரு காலை, ஐயா கடலில் இருந்த நேரம், வாசலில் வாடகைக் கார் ஒன்று வந்து நின்றது. வெள்ளைக் காற்சட்டையோடு மாஸ்ரர் இறங்கினார். அவருடைய மனைவி இளநீலச் சேலை கட்டியிருந்தார். ஒல்லியான கைகள். அந்தக் கைகள் நடுங்கிக்கொண்டிருந்ததால் இரண்டையும் சேர்த்துப் பிடித்திருந்தார். எங்களுக்கென்று ஒரு தகர டின் நிறைய விசுக்கோத்து. மூடியில் குதிரை வண்டிப் படம். மாமி உள்ளே போனதும் மாஸ்ரரின் மனைவி என் பக்கம் குனிந்தார்.

"நாங்கள் கொழும்புத்துறையிலை இருக்கிறம், பிள்ளை. சேர்ச்சுக்குப் பின்வீடு. வாசலிலை பெரிய நாவல் மரம் ஒண்டு நிக்குது. நீங்களும் அக்காமாரும் எப்பவும் வரலாம், என்ன?"

எதற்கு வரவேண்டும் என்று எனக்கு விளங்கவில்லை. மாமி தங்கச்சியைத் துணியில் சுற்றிக்கொண்டு வந்தபோதும் விளங்கவில்லை. "உவளுக்குச் சுகமில்லை. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகினம்," என்றார். நான் அறைக்குள் எட்டிப் பார்த்தேன். அம்மா சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். சேலைத் தலைப்பை வாய்க்குள் வைத்துக் கடித்திருந்தார். கார் போன புழுதி அடங்குமுன்னரே பெரியக்கா கிணற்றடியில் இருந்து அழத் தொடங்கினாள். அவளுக்கு விளங்கிவிட்டது. தங்கச்சியை அவர்களுக்குக் கொடுத்துவிட்டார்கள் என்று அவள்தான் எங்களுக்குச் சொன்னாள்.

ஐயா கடலால் வந்தார். ஏணையில் பிள்ளை இல்லாததைக் கண்டார். அறை வாசலில் கொஞ்சநேரம் நின்றார். அம்மா திரும்பவில்லை. ஐயா சாப்பிடாமல் வலையைத் தூக்கிக்கொண்டு வெளியே போனார். இவர்தான் தங்கச்சியைக் கொடுத்தவர் என்று நான் அப்போது முடிவெடுத்தேன். அதன்பிறகு அவருக்குத் தேத்தண்ணீர் கொண்டுபோய்க் கொடுக்கவும் நான் மாட்டேன் என்றேன்.

அம்மாவுக்குப் பால் கட்டிக்கொண்டது. காய்ச்சலும் வந்தது. மல்லிகைப் பூவை வைத்துக் கட்டினால் பால் வற்றும் என்று மாமி ஓலைப்பெட்டி நிறையப் பூக் கொண்டுவந்தார். சூடான உடம்பில் வதங்குகிற மல்லிகையின் வாசம் அறை முழுக்கக் கனத்துக் கிடந்தது. கலியாண வீட்டு வாசம், இழவு வீடு போல ஒரு அமைதி. இன்றைக்கும் எனக்கு மல்லிகை பிடிக்காது. பூ வாங்கித் தருகிற பேரப்பிள்ளைகளிடம் தும்மல் வரும் என்று சொல்லித் தப்பிக்கொள்வேன்.

ஒருநாள் விடிந்து ஐயா கடலுக்குப் போனபின் அம்மா எழுந்தார். கட்டியிருந்த துணியை அவிழ்த்து, வதங்கிய பூவையெல்லாம் முற்றத்தில் உதறினார். கோழிகள் ஓடிவந்து கொத்திப் பார்த்துவிட்டுப் போயின. கிணற்றடியில் தலையில் தண்ணீர் ஊற்றிக்கொண்டு வந்து, நல்ல சேலை ஒன்றை உடுத்தார். பிள்ளை பெற்ற துடக்குக் கழியுமுன் தாய் படலை தாண்டக்கூடாது என்பது ஊருக்கே தெரிந்த சட்டம். பெரியக்கா பயந்துபோய் நின்றாள்.

"மாமி கேட்டால் என்னம்மா சொல்லிறது?"

"போயிட்டன் எண்டு சொல்லு."

"எங்கை எண்டு கேட்டால்?"

"பிள்ளையிட்டை எண்டு சொல்லு." பிறகு என் பக்கம் திரும்பினார். "நீ சட்டையை மாத்து. அவையின்ரை முகமும் இடமும் உனக்குத்தான் தெரியும்."

பஸ்ஸில் யன்னலோரம் எனக்குத் தந்தார். வல்லை வெளியில் ஏறியதும் சோளகம் பஸ்ஸை ஒரு பக்கமாகத் தள்ளியது. இரண்டு பக்கமும் உப்பு வெளி, கண்ணுக்கு எட்டின மட்டும் ஒரு வீடு இல்லை. அம்மா சேலைத் தலைப்பை நெஞ்சோடு அணைத்துப் பிடித்திருந்தார். அப்படியும் சட்டை நனைந்து, ஈரம் தலைப்பில் ஊறியது. பக்கத்தில் இருந்த மரக்கறிக்காரி கண்டுவிட்டார். கடகத்தை மடியில் இருந்து இறக்கிவைத்துவிட்டு, தன்னுடைய துவாயை எடுத்து அம்மாவின் மடியில் வைத்தார்.

"பிள்ளை எங்கை, தங்கச்சி?"

"எடுக்கத்தான் போறன்," என்றார் அம்மா.

அந்த மனுசி வேறு கேள்வி கேட்கவில்லை. துவாயையும் திருப்பி வாங்கவில்லை.

பட்டணத்தில் இறங்கி அடுத்த பஸ் பிடித்தோம். கொழும்புத்துறையில் கடல் எங்கள் கடல்போல இல்லை. அலையில்லாமல், தட்டில் வைத்த தண்ணீர்போலக் கிடந்தது. சேற்று வாசமும் இறால் வாசமும் வந்தன. சேர்ச்சைக் கண்டேன். நாவல் மரத்தைக் கண்டேன். நான் கையை நீட்டுமுன் அம்மாவுக்குத் தெரிந்துவிட்டது, உள்ளே இருந்து அழுகைச் சத்தம் வந்துகொண்டிருந்தது. நடந்துவந்த அம்மா அந்த இடத்திலிருந்து ஓடினார்.

மாஸ்ரர் விறாந்தையில் இருந்து எழுந்தார். அம்மாவை அவருக்கு அடையாளம் தெரியவில்லை. என்னைத் தெரிந்தது. முகம் மாறியது.

"என்னம்மா, இந்த உடம்போடை... என்ன நடந்தது?"

"என்ரை பிள்ளையைத் தாங்கோ, மாஸ்ரர்."

"உங்கடை வீட்டாக்கள் எல்லாரும் சம்மதிச்சுத்தானே தந்தவை? நாங்கள் களவெடுக்கேல்லையே."

"உங்களிலை ஒரு பிழையும் இல்லை. வீட்டாக்கள் சம்மதிச்சிருக்கலாம். பெத்தது நான். என்னை ஒருத்தரும் கேக்கேல்லை."

மாஸ்ரர் ஏதோ சொல்ல வாய் திறந்தார். அதற்குள் அவருடைய மனைவி தங்கச்சியைத் தோளில் போட்டபடி வாசலுக்கு வந்துவிட்டார். கையில் பால் போத்தல். கண்ணெல்லாம் வீங்கியிருந்தது.

"போத்தலிலை குடிக்கிறாளில்லை," என்றார். "எல்லா விதமாயும் பார்த்திட்டன்." அம்மாவின் சட்டையைப் பார்த்தார். பிறகு மாஸ்ரரின் பக்கம் திரும்பி, "நீங்கள் கொஞ்சம் உள்ளை போங்கோ," என்றார். அம்மாவைக் கதிரையில் இருத்தி, பிள்ளையை மடியில் வைத்தார்.

தங்கச்சி குடித்த வேகம் இருக்கிறதே! மூச்சுக்கூட எடுக்காமல் மடக் மடக்கென்று. அம்மா தலையைப் பின்னால் சாய்த்துக் கண்ணை மூடினார். மாஸ்ரரின் மனைவி நிலத்தில் இருந்து, தங்கச்சியின் பாதத்தை ஒரு விரலால் தடவிக்கொண்டிருந்தார். இரண்டு பேரும் அழுதார்கள். ஒருவரை ஒருவர் தேற்றவில்லை.

"அண்டைக்கு உங்களைப் பார்க்கவேணும் எண்டு கேட்டனான்," என்றார் அவர். "படுத்திருக்கிறா, எழுப்பவேண்டாம் எண்டிட்டினம். உங்கடை முகத்தைக் கண்டிருந்தால் வாங்கியிருக்க மாட்டன்."

"தெரியும் அக்கா," என்றார் அம்மா. பிள்ளையை மற்றப் பக்கம் மாற்றிக்கொண்டு, "பேர் வைச்சிட்டியளோ?" என்று கேட்டார்.

அவர் தயங்கித் தயங்கி அந்தப் பெயரைச் சொன்னார். அம்மா இரண்டு தரம் சொல்லிப் பார்த்தார். "நல்லாயிருக்கு. அதே பேர் இருக்கட்டும்."

பிள்ளையோடு வீட்டுக்கு வந்து சேர வெயில் சாய்ந்துவிட்டது. படலைக்குள்ளேயே மாமி நின்றார்.

"துடக்கோடை ஊர் உலகமெல்லாம் திரிஞ்சிட்டு வாறாய்! குடுத்த பிள்ளையை ஆரும் திருப்பி வாங்குவினமோ?"

"நான் குடுக்கேல்லை, மச்சாள்."

முற்றத்தில் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த ஐயா தலையை நிமிர்த்தினார். "நீ ஓமெண்டு சொன்னனி எண்டெல்லோ அக்கா சொன்னவா? இன்னொரு பெட்டையை வளர்க்க உன்னாலை ஏலாதாம் எண்டு."

அம்மா ஐயாவின் பக்கம் திரும்பினார். "நீங்கள் ஓமெண்டிட்டியள், மாத்தேலாது எண்டுதான் எனக்குச் சொன்னவா."

இரண்டு பேரும் மாமியைப் பார்த்தார்கள். மாமியைச் சொல்லில்லாமல் நான் கண்டது உலக்கைக்குப் பிறகு அப்போதுதான். வேலிக்கு அப்பால் அயலட்டைத் தலைகள் முளைத்துவிட்டன.

"உனக்காண்டித்தானே தம்பி செய்தனான்," என்று மாமி கடைசியில் சொன்னார். "உன்ரை வள்ளத்தைப் பிறகு ஆரடா கொண்டுபோறது?"

"ஏலுமட்டும் நான் கொண்டுபோவன் அக்கா. பிறகு விரும்பினவன் கொண்டுபோகட்டும். பிள்ளை இஞ்சை இருக்கட்டும்."

ஐயா வீட்டில் அவ்வளவு நீளமாகக் கதைத்தது எனக்கு நினைவில்லை. அம்மாவுக்கு அது போதவில்லை. வேலியோரத் தலைகளுக்கும் கேட்கிற குரலில் சொன்னார்.

"இன்னொண்டும் எல்லாரும் கேளுங்கோ. இதுதான் கடைசி. இனி நான் பெறமாட்டன். பெடியனுக்காண்டி ஒருத்தரும் என்ரை வயித்தைப் பார்க்கவேண்டாம்."

ஐயா எழுந்துபோய்க் கிணற்றடியில் மீன்வாசம் போகக் கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினார். வந்து கையை நீட்டினார். எங்களில் ஒருவரையும் கைக்குழந்தையாக அவர் தூக்கியதில்லை என்று பெரியக்கா பிறகு சொன்னாள். பெயரைக் கேட்டார். அம்மா சொன்னார். "வேதக்காரப் பேர்!" என்று மாமி வாயில் அடித்துக்கொண்டார். "கூப்பிட வசதியாய்த்தான் இருக்கு," என்றார் ஐயா.

அன்றைக்கு மாமியை நான் ராட்சசி என்று நினைத்தேன். அப்படியில்லை. மாமி சின்னப் பெண்ணாக இருந்தபோது தகப்பன் கடலோடு போய்விட்டார். தம்பி தோள் கொடுக்கிற வயதுக்கு வரும்வரை, மற்றவர்களின் வள்ளங்கள் கரைக்கு வரும்போது சட்டியோடு போய் ஓரமாக நின்று குடும்பத்தைச் சாப்பிட வைத்தவர் அவர்தான். ஆண் இல்லாத வீடு என்றால் சட்டியோடு ஓரமாக நிற்பது என்றே அவர் படித்திருந்தார். அந்தப் பயத்தில்தான் பொய் சொன்னார். ஐயாவும் அம்மாவும் ஒருவரையொருவர் நேரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் அந்தப் பொய் ஒரு பொழுதும் நின்றிருக்காது. அவர்கள் கேட்கவில்லை. அந்தக் காலத்தில் புருசன் பெண்சாதி அப்படிக் கேட்டுக்கொள்வது குறைவு. அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் கேட்டார்கள், சில நேரம் சத்தமாகவே கேட்டார்கள்.

அம்மா சொன்ன சொல்லில் நின்றார். வள்ளத்தை ஐயாவுக்குப் பிறகு ஒருவரும் கொண்டுபோகவில்லை. சண்டையால் கடலுக்குப் போகவே தடையிருந்த வருடங்களில் அது கரையிலேயே உக்கிப்போனது. அந்த வருடங்களில் எத்தனை வீடுகளில் ஆண்பிள்ளைகள் இருந்தார்கள், பிறகு எத்தனை வீடுகளில் மிஞ்சினார்கள் என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரியவேண்டியதில்லை. மாமியின் மூன்று பேரும் மூன்று நாட்டில். மாமி கடைசிவரை ஒழுங்கை தாண்டி எங்கள் வீட்டுக்குத்தான் வந்து சாப்பிட்டார், கறிக்கு உப்புக் குறைவு என்று குறையும் சொன்னார்.

தங்கச்சி பட்டணத்தில் படித்தாள். தங்கியது கொழும்புத்துறையில், நாவல் மரத்து வீட்டில். மாஸ்ரரின் மனைவியை அவள் 'சின்னம்மா' என்று கூப்பிட்டாள். சின்னம்மாவின் கடைசிக் காலத்தில் அந்த வீட்டில் இருந்து பார்த்தவளும் அவள்தான். இன்றும் அங்கேதான் இருக்கிறாள்.

ஆனால் அந்த உறவு தொடங்கியது தங்கச்சி பிறந்த வருட நத்தார்ப் பண்டிகைக்கு. அம்மா எங்கள் ஐந்து பேரையும் கூட்டிக்கொண்டு கொழும்புத்துறைக்குப் போனார். ஐயா தந்துவிட்ட மீன் ஓலைப்பையில். மாஸ்ரரின் மனைவி எங்களைக் கண்டதும் வாசலுக்கு ஓடிவந்தார். வந்தவர் தங்கச்சிக்கு ஓரடி முன்னால் அப்படியே நின்றுவிட்டார். கை இரண்டையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார். தொட்டால் திரும்ப விடமுடியாமல் போய்விடும் என்று பயந்தாரோ என்னவோ.

"பிடியுங்கோ, அக்கா," என்று அம்மா பிள்ளையை நீட்டினார்.

அவர் தலையை ஆட்டினார். மாட்டேன் என்றா, ஓம் என்றா தெரியவில்லை.

"பிடியுங்கோ எண்டிறன். எனக்குக் கை நோகுது."

தலையில் ஒன்றும் இடுப்பில் ஒன்றுமாகத் தண்ணீர்க் குடம் சுமந்து மணலில் நடந்த அம்மா, கை நோகுது என்று சொல்லி நான் அன்றைக்குத்தான் கேட்டேன். அந்த ஒல்லியான கைகள் முன்னால் வந்தன. இந்தமுறை அவை நடுங்கவில்லை.